ஈரம் காய்வதற்குள்

கொதிக்கும் நீராவிக்கு நடுவே குளிர்ந்த குரலோடு நின்றவரே! கறை கண்ட இடத்தில் கண்டிப்பும், கலங்கிய முகம் கண்ட இடத்தில் கனிவும் காட்டியவரே! பொறுப்பைத் தலைக்கு ஏற்றிக்கொள்ளாமல் தோளில் மட்டுமே சுமந்தவரே! இந்த மருத்துவமனையின் கிருமிநீக்கப் பிரிவுக்கு நெடுங்காலம் தலைமையேற்று, இன்று மாலையோடு பணி நிறைவு பெற்று இல்லம் ஏகும் எங்கள் பெரியக்கா அவர்களே! உங்கள் ஊழியர்கள் நாங்கள் எல்லாரும் எழுந்து நின்று வணங்குகிறோம்.

"பிழையறியாப் பெருந்தகையே" என்று இன்னொரு விளியும் இருந்தது. மடலின் முதல் வரியே அதுதான். அச்சடித்து, பொன்னிறச் சட்டம் போட்டு, கண்ணாடியும் பொருத்தி, உங்கள் கண்ணில் படாமல் துணி மூட்டைகளுக்குப் பின்னால் ஒளித்தும் வைத்துவிட்டோம். போன வாரம் அந்தக் கண்ணாடியைக் கழற்றி, மடலை வெளியே எடுத்துவிட்டு, புதிதாக ஒன்று எழுதினோம். அந்த ஒரு விளியை ஏன் எடுத்தோம் என்று சொல்வதற்காகவே இந்த மடல் வழக்கத்தைவிட நீண்டுவிட்டது. 'தாங்கள்' என்று எழுதினால் வேறு யாரையோ சொல்கிறோம் என்று நீங்கள் திரும்பிப் பார்ப்பீர்கள் என்பதால் 'நீங்கள்' என்றே எழுதியிருக்கிறோம். இதை வாசிப்பவர் துணி மடிக்கும் அக்கா. அவர் குரல் நடுங்கினால் அது மைக்கின் கோளாறு அல்ல.

இந்த அவையில் வீற்றிருக்கும் விருந்தினர் பலருக்கு எங்கள் அறை எங்கே இருக்கிறது என்பதே தெரியாது. கட்டடத்தின் அடித்தளத்தில், சன்னல் இல்லாத நீண்ட கூடம் அது. அறுவை அரங்கில் பயன்பட்ட கத்தரி, இடுக்கி, கொக்கி எல்லாம் ஒரு கதவு வழியாக அழுக்காக உள்ளே வரும். கழுவி, துடைத்து, ஒவ்வொன்றையும் வெளிச்சத்தில் திருப்பித் திருப்பிப் பார்த்து, தட்டில் அடுக்கி, உள்துணி, வெளித்துணி என்று இரண்டு சுற்றாகப் பொதிந்து, நீராவி இயந்திரத்துக்குள் தள்ளுவோம். இன்னொரு கதவு வழியாகச் சுத்தமாக வெளியே போகும். எங்கள் வேலை ஒழுங்காக நடந்தால் எங்களை யாருக்கும் தெரியாது. நடக்காவிட்டால், நாங்கள் முகம் பார்த்திராத ஒருவரின் உடம்பு அதற்குப் பதில் சொல்லும். அந்தப் பயத்தையும் சேர்த்துத்தான் தினமும் தொப்பிக்குள் தலையை நுழைக்கிறோம்.

உங்களுக்கு முன்பு அந்த நாற்காலியில் இருந்தவருக்கு ஒரே ஒரு கேள்விதான் தெரியும். "யாரு?" திருகாணி ஒன்று காணோமென்றாலும் "யாரு?", கூடத்தில் தண்ணீர் சிந்தியிருந்தாலும் "யாரு?" அவர் அப்படிக் கேட்டுக்கொண்டே வர, நாங்கள் ஒருவர் முதுகுக்குப் பின்னால் ஒருவர் ஒளிந்துகொள்வோம். முனை உடைந்த இடுக்கியைக் கழிவுத் துணியில் சுற்றி எறிந்தவர்கள் எங்களில் உண்டு. தரையில் விழுந்த பொதியை எடுத்துத் தட்டிவிட்டு மறுபடி அடுக்கியவர்களும் உண்டு. அவர்கள் கெட்டவர்கள் இல்லை, பயந்தவர்கள். பயந்தவர்கள் கட்டிக் கொடுத்த பொதியை நம்பித்தான் மேலே மனிதர்களின் வயிற்றைத் திறந்துகொண்டிருந்தார்கள்.

நீங்கள் வந்ததும் முதல் வேலையாக அந்தக் கேள்வியை நிறுத்தினீர்கள். எது, எங்கே இருக்கிறது, யார் உடம்புக்குப் போகிறது என்று மட்டும்தான் கேட்க வேண்டும். பொதி நம் கைக்குத் திரும்பி வரும்வரை யார் செய்தது என்ற பேச்சே எடுக்கக் கூடாது என்றீர்கள். நாங்கள் நம்பவில்லை. நல்லபடியாகப் பேசிப் பொறி வைக்கிறார் என்று காதோடு காதாகச் சொல்லிக்கொண்டோம். பிறகு ஒரு நாள் கழுவும் அண்ணன், ஒரு சின்னக் கொக்கியைத் தொலைத்துவிட்டதாக, அழாத குறையாக உங்கள் முன் வந்து நின்றார். நீங்கள் அவரைத் திட்டவில்லை. புடவையை இழுத்துச் செருகிக்கொண்டு தொட்டிக்கு அடியில் தவழ்ந்து போய்விட்டீர்கள். வெளியே வரும்போது கையில் கொக்கி இருந்தது, இடுப்பு பிடித்துக்கொண்டது. இரண்டு பேர் தூக்கித்தான் உங்களை நிமிர்த்த வேண்டியிருந்தது. அன்றிலிருந்துதான் நாங்கள் உங்களை நம்பத் தொடங்கினோம்.

அடுத்து நீங்கள் கொண்டுவந்தது "பிரிக்காதீங்க" என்ற சொல். எங்களில் யாருக்கு ஒரு பொதி மேல் சந்தேகம் வந்தாலும் சுவரிலுள்ள தொலைபேசியை எடுத்து அறுவை அரங்குக்கு அந்தச் சொல்லைச் சொல்லலாம். தரை துடைப்பவரும் சொல்லலாம். காரணம் பிறகு கேட்டுக்கொள்ளலாம், பொதியை முதலில் ஓரமாக வைத்துவிட வேண்டும். இதற்கு மருத்துவர்களைச் சம்மதிக்க வைக்க நீங்கள் எத்தனை நாள் ஒற்றைக் காலில் நின்றீர்கள் என்பது அவர்களுக்கும் நினைவிருக்கும். முன்வரிசையில் சிலர் இப்போது சிரிப்பதிலிருந்தே அது தெரியும் என்று நம்பி எழுதுகிறோம்.

நீங்கள் குறையே இல்லாதவர் என்று நாங்கள் சொல்ல வரவில்லை. யாராவது தும்மினால் கூரை அதிரக் கத்துவீர்கள். "முடியைத் தொப்பிக்குள்ள போடு, இல்லன்னா முடியை வீட்டுல வச்சிட்டு வா" என்று பெண்களைப் படுத்தாத நாளே கிடையாது. கோபம் வந்தால் பேசமாட்டீர்கள். அந்த மௌனத்துக்கு உங்கள் கத்தலே தேவலை என்று தோன்றும்.

இனிச் சொல்லப்போவது போன வாரம் நடந்தது. அதில் பாதிதான் உங்களுக்குத் தெரியும். மற்றப் பாதியைப் புதுசு எங்களிடம் சொன்னாள். அவள் பேச்சைக் கூடியவரை அப்படியே எழுதுகிறோம்.

புதுசு என்பவள் பொதி கட்டும் பெண். அவள் வந்து சில ஆண்டுகள் ஆகிவிட்டன. அவளுக்குப் பிறகு வேறு யாரையும் வேலைக்கு எடுக்காததால் இன்னும் புதுசாகவே இருக்கிறாள். வேலையும் இன்னும் நிரந்தரமாகவில்லை. சுபாவத்தில் பயந்தவள். மின்தூக்கியில் தனியாகப் போகமாட்டாள். மேலே இருந்து தொலைபேசி அடித்தால் மணிச்சத்தத்துக்கே எழுந்து நின்றுவிடுவாள்.

உங்கள் சட்டங்களிலேயே கடுமையானது சூடான பொதியைப் பற்றியது. இயந்திரத்திலிருந்து வரும் பொதி, வந்த வண்டியிலேயே ஆற வேண்டும். சூட்டோடு எடுத்துக் குளிர்ந்த எவர்சில்வர் அலமாரியில் வைத்தால் அடியில் வியர்த்துவிடும். துணி நனையும். நனைந்த துணி வழியாக வெளிக் கிருமி சாவகாசமாக உள்ளே போய்விடும். நனைந்த பொதி பார்க்க எவ்வளவு சுத்தமாக இருந்தாலும் அழுக்குப் பொதிதான். "அவசரம்னு யாரு வந்து நின்னாலும் ஆறட்டும்னு சொல்லு. கடவுளே வந்து கேட்டாலும் ஆறட்டும்" என்பீர்கள்.

அன்று முற்பகலில் இடுப்பு எலும்பு முறிந்த ஒரு வயதான அம்மாவை அறுவைக்கு எடுத்துச் செல்லவிருந்தார்கள். எலும்புப் பொதி எங்கே, எங்கே என்று மேலே இருந்து மாற்றி மாற்றிக் கேட்டுக்கொண்டிருந்தார்கள். அதே நேரத்தில் நிர்வாக அலுவலகத்திலிருந்து ஆள் வந்து, உங்கள் ஓய்வுத் தாள்களில் கையெழுத்துப் போட உடனே வரவேண்டும் என்று வாசலில் நின்றார். நீங்கள் வண்டியிலிருந்த எலும்புப் பொதியை எடுத்து அலமாரியில் வைத்தீர்கள், மேலிருந்து வந்த ஊழியரிடம் எடுத்துக்கொள்ளச் சொன்னீர்கள், கண்ணாடியைத் துடைத்துக்கொண்டே அலுவலகத்துக்குப் போய்விட்டீர்கள். உங்கள் மனம் அன்று அந்த அறையில் இல்லை.

சற்று நேரத்தில் அடுத்த பொதியை அடுக்கப் புதுசு அந்த அலமாரிக்கு வந்தாள். எவர்சில்வர் மேல் உள்ளங்கை அகலத்துக்கு மங்கலாக ஏதோ தெரிந்தது. கையுறையைக் கழற்றிப் புறங்கையால் தொட்டாள். சில்லென்று ஈரம். அந்த இடத்தில் இருந்தது எலும்புப் பொதி. வைத்தது யார் என்றும் அவளுக்குத் தெரியும். நீங்கள் வைத்தபோது அவள் எதிர் மேசையில்தான் உட்கார்ந்து இடுக்கி துடைத்துக்கொண்டிருந்தாள்.

பெரியக்காவே வைத்திருக்கிறார் என்றால் ஆறித்தான் இருந்திருக்கும், அவருக்குத் தெரியாததா என்று தனக்குத் தானே சொல்லிப் பார்த்தாள். யாராவது ஈரத்துணியால் துடைத்திருப்பார்கள் என்று நினைத்துப் பார்த்தாள். மறுபடி தொட்டாள். ஈரம் அப்படியேதான் இருந்தது, ஆனால் ஓரத்திலிருந்து சுருங்கத் தொடங்கியிருந்தது.

"என்னம்மா, அலமாரியைத் தடவிக் குடுத்துக்கிட்டு இருக்க? தூங்க வைக்கிறியா?" என்று கேட்டுக்கொண்டே வந்தார் மெஷின் அண்ணன். நீராவி இயந்திரத்தை ஓட்டுபவர். உங்களுக்கு அடுத்த நிலையில் இருப்பவர்.

"அண்ணே, இங்க ஈரமா இருக்கு."

அவரும் தொட்டுப் பார்த்தார். முகத்திலிருந்த சிரிப்பு போய்விட்டது. "எந்தப் பேக் இருந்துச்சு இங்க?"

"எலும்பு செட். இப்பத்தான் மேல போச்சு."

"வச்சது..." என்று தொடங்கியவர் நிறுத்திக்கொண்டார். சுற்றுமுற்றும் பார்த்துவிட்டு, "பெரிசா ஒண்ணுமில்ல. காஞ்சிடும்" என்றார்.

"அலமாரி காஞ்சிடும்ணே. துணி?"

"ஏம்மா, அவங்க கிளம்பப் போற நேரம் இது. இத்தனை வருஷத்துல அவங்க கையால அனுப்பின பேக் ஒண்ணுகூட திரும்பி வந்ததில்ல. கடைசி வாரத்துல போய் இப்படி ஒரு பேர் வாங்கிக் குடுக்கணுமா? விசாரணை அது இதுன்னு இழுத்தடிப்பாங்க. அவங்களுக்காகத்தான் சொல்றேன்."

"சொல்லலன்னா என்ன ஆகும்?"

"ஒண்ணும் ஆகாது. நிறைய தடவை ஒண்ணும் ஆகாது."

"ஆகிற தடவை?"

"உனக்கு இன்னும் வேலை நிரந்தரம் ஆகல. அதையும் யோசிச்சுக்க" என்று தணிந்த குரலில் சொல்லிவிட்டு இயந்திரத்துப் பக்கம் போய்விட்டார். அவர் அதை மிரட்டலாகச் சொல்லவில்லை. தங்கைக்குச் சொல்வதுபோலத்தான் சொன்னார். அதனால்தான் புதுசுக்கு இன்னும் பயமாக இருந்தது.

அவள் தொலைபேசியைப் பார்த்தாள், பிறகு அலமாரியைப் பார்த்தாள். வேலை போய்விடும் என்பதைவிட, இதைக் கேட்டதும் உங்கள் முகம் எப்படி மாறும் என்பதுதான் அவளை அதிகம் உலுக்கியது. இந்தக் கட்டடத்தில் அவளைத் திட்டிவிட்டுத் தேநீரும் வாங்கிக் கொடுக்கிறவர் நீங்கள் ஒருவர்தான். ஈரம் இப்போது நாணய அளவுக்கு வந்திருந்தது. அதைப் பார்த்துக்கொண்டே நின்றபோது அவளுக்குத் தன்னைப் பற்றி ஒன்று தெரிந்துவிட்டது. இது முழுக்கக் காய்ந்துபோனால் அவள் யாரிடமும் எதுவும் சொல்லமாட்டாள். தானாகவே தன்னைச் சமாதானப்படுத்திக்கொண்டுவிடுவாள். அந்த எண்ணம் வந்த வேகத்தில் தொலைபேசியை எடுத்தாள்.

"கிருமிநீக்கத்துலேர்ந்து பேசறேன். எலும்பு செட்டைப் பிரிக்காதீங்க."

"பிரிச்சாச்சே" என்றார் அரங்குச் செவிலி.

"உள்துணியுமா?"

"வெளித்துணி மட்டும்தான். இரு, சார் பேசறார்."

அறுவை மருத்துவரின் குரல் வந்தது. "பெரியக்கா எங்க? அவங்க சொல்லச் சொன்னாங்களா?"

"இல்ல சார். அவங்க இங்க இல்ல."

"அவங்களே கையோட குடுத்தனுப்பின செட்டு இது. அவங்க வந்து சொல்லட்டும், நிறுத்தறேன்."

"சார், பிரிக்காதீங்கன்னு சொன்னா பிரிக்கக் கூடாது. காரணம் அப்புறம்தான். அது பெரியக்கா போட்ட சட்டம்."

பொதியை ஓரமாக வைக்கச் சொல்லும் அவர் குரல் கேட்டது. பிறகு அவர், "பாட்டிக்கு மயக்க மருந்து குடுத்தாச்சும்மா" என்றார். கோபமாகச் சொல்லியிருந்தால்கூட அவள் தாங்கியிருப்பாள்.

"வேற செட் இருக்கு சார். ஓடி வந்துடறேன்."

முந்தைய நாளே ஆறி, காய்ந்து, பூட்டிய அலமாரியில் இருந்த மாற்றுப் பொதியை எடுத்துக்கொண்டு ஓடினாள். பொதி உடம்பில் படக் கூடாது என்பதால் இரண்டு கையையும் முன்னால் நீட்டியபடியே ஓட வேண்டும். தட்டின் கனத்தில் தோள் இரண்டும் கழன்றுவிடும்போல் இருந்தது. மின்தூக்கிக்குக் காத்திருக்க முடியவில்லை, படியில் ஏறினாள். மேலே அரங்கின் வாசலில் அந்த அம்மாவின் மகன் உட்கார்ந்திருந்தார். இவள் ஓடி வருவதைப் பார்த்ததும் பேயறைந்த மாதிரி எழுந்து நின்றார்.

"என்னங்க ஆச்சு? எங்கம்மாவுக்கு என்ன?"

"வேற கருவி கொண்டு வந்திருக்கேன். நல்லதுக்குத்தாங்க" என்று சொல்லிவிட்டுப் பொதியை உள்ளே நீட்டினாள். அவர் நம்பினாரா என்று நின்று பார்க்க அவளுக்குத் தைரியமில்லை.

திரும்பி இறங்கும்போது படித்திருப்பத்தில் நீங்கள் எதிரே வந்தீர்கள். கையில் கையெழுத்திட்ட தாள்களின் நகல் இருந்தது.

"எங்கடி இந்த ஓட்டம்? தொப்பி எங்க?"

"அக்கா, எலும்பு செட்டை நிறுத்திட்டேன். அலமாரில அடியில ஈரம் இருந்துச்சு."

நீங்கள் அவளைப் பார்த்தீர்கள். பிறகு கேட்டீர்கள்: "யாரு பாத்தது?"

உங்கள் வாயிலிருந்து அந்தப் பழைய கேள்வியை நாங்கள் யாரும் கேட்டதில்லை. புதுசு கைப்பிடிச் சுவரைப் பிடித்துக்கொண்டாள். "நான்தாங்க்கா" என்றாள்.

"நல்லாப் பாத்தியா? துடைச்ச ஈரமா இருக்கும்."

"வெறுங்கையால தொட்டுப் பாத்தேன்க்கா."

"என்னைக் கேக்காம மேல போன் பண்ணிட்ட."

"ஆமாக்கா."

நீங்கள் எதுவும் பேசாமல் இறங்கத் தொடங்கினீர்கள். அவள் பின்னாலேயே வந்தாள். அந்தப் படிகளில் இறங்கிய நேரம்தான் அன்றைய நாளிலேயே மிகக் கொடுமையானது என்று அவள் எங்களிடம் சொன்னாள். உங்கள் முதுகைப் பார்த்துக்கொண்டே இறங்கினாளாம். இதோடு எல்லாம் முடிந்தது, நாளையிலிருந்து வரவேண்டாம் என்று சொல்லிவிடுவார், சொன்னாலும் அவர் மேல் கோபம் வராது, அதுதான் தாங்க முடியாது என்று நினைத்தாளாம்.

அலமாரி காய்ந்திருந்தது. நீங்கள் கையை வைத்து இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிவரை தடவினீர்கள். எவர்சில்வர் பளபளவென்று இருந்தது, ஈரத்தின் சுவடே இல்லை. நாங்கள் எல்லாரும் வேலையை விட்டுவிட்டு நின்றோம். நீங்கள் மெஷின் அண்ணன் பக்கம் திரும்பினீர்கள்.

"நீ பாத்தியா?"

அவர் இல்லையென்று தலையாட்டியிருந்தால் போதும். உங்கள் பேரும் தப்பியிருக்கும், அவர் பேரும் தப்பியிருக்கும். புதுசு மட்டும் பொய்க்காரியாகியிருப்பாள். அவள் அவர் முகத்தைப் பார்க்கவில்லை, தரையைப் பார்த்துக்கொண்டு நின்றாள். அவர் ஓரடி முன்னால் வந்தார்.

"இருந்துச்சுக்கா. நானும் தொட்டுப் பாத்தேன். காஞ்சிடும்னு சொல்லி அவ வாயை அடைக்கப் பாத்தேன்."

அப்போது மேலிருந்து வண்டி வந்தது. அதில் திருப்பி அனுப்பிய எலும்புப் பொதி. நீங்கள் வளையலை மேலே தள்ளிவிட்டு, பொதிக்கு அடியில் கையைக் கொடுத்தீர்கள். கையை உடனே எடுக்கவில்லை.

"ஈரம்தான்" என்றீர்கள். "ஆறல. எனக்குத் தெரியும், ஆறல. இருந்தும் எடுத்து வச்சேன்."

பிறகு புதுசைப் பார்த்து, "யாருன்னு கேட்டேன்ல, அது இதைவிடப் பெரிய தப்பு" என்றீர்கள். அவள் அழுதுவிட்டாள். நாங்களும் அழுதோம் என்று எழுதலாம், ஆனால் உண்மையில் எங்களுக்குப் பயத்தில் அழுகைகூட வரவில்லை. நீங்கள் யாரையும் கூட அழைக்காமல் மேலே போனீர்கள். அதை அங்கே வைத்தது நான் என்று மருத்துவரிடம் சொன்னீர்கள். நிர்வாகத்திடமும் சொன்னீர்கள். வாசலில் உட்கார்ந்திருந்த அந்த மகனிடம் போய், உங்கம்மா மயக்கத்தில் கூடுதலாகக் காத்திருந்ததற்குக் காரணம் நான்தான் என்று சொன்னீர்கள். அவர், "இப்ப அவங்களுக்கு ஒண்ணும் இல்லியேம்மா?" என்றாராம். இல்லை என்றதும், "அப்ப சரி" என்று மறுபடி உட்கார்ந்துகொண்டாராம். அந்தப் பாட்டி நேற்று கைத்தடியை ஊன்றி நடந்து பார்த்துவிட்டு, தடி உயரம் பத்தவில்லை என்று சண்டை போட்டதாகச் செவிலி சொன்னார்.

அந்தப் பொதி திரும்பி வந்த அன்று மாலைதான் நாங்கள் கூடி உட்கார்ந்து இந்த மடலைப் பற்றிப் பேசினோம். பாராட்டு மடலில் யாராவது பிழையைப் பற்றி எழுதுவார்களா, வந்தவர்கள் என்ன நினைப்பார்கள், வீட்டுச் சுவரில் மாட்டும் பொருளாயிற்றே என்று சிலர் தயங்கினார்கள். மெஷின் அண்ணன் திருப்புளியை எடுத்து வந்து சட்டத்தைக் கழற்றினார். பிழையறியாதவர் ஒருவர் எங்களுக்குத் தலைவராக இருந்தார் என்று எழுதுவதில் எங்களுக்கு என்ன பெருமை? பிழை செய்தபோது எங்களில் கடைசியாக வந்தவள் உங்களிடமே அதைச் சொல்ல முடிந்தது. அப்படி ஓர் அறையை நீங்கள் கட்டி வைத்திருந்தீர்கள். சுவரில் மாட்ட வேண்டியது அதுதான் என்று ஒருமனதாக முடிவு செய்தோம்.

ஆனால் அக்கா, எங்களுக்குப் பயமாக இருக்கிறது. மறைக்காமல் சொல்கிறோம். நாளை முதல் உங்கள் இடத்துக்கு வருபவர் இதே அவையில்தான் அமர்ந்திருக்கிறார். அவரைப் பற்றி எங்களுக்கு எதுவும் தெரியாது. புதுசின் வேலையை நிரந்தரமாக்கும்படி நீங்கள் எழுதிய பரிந்துரையில் அடுத்த கையெழுத்து அவர் போட வேண்டியது. "பிரிக்காதீங்க" என்று நாளை யாராவது சொன்னால் அது எடுபடுமா? பயம் பழையபடி கதவைத் தள்ளிக்கொண்டு வந்துவிடுமா? உங்கள் குரல் இருந்ததால்தான் நாங்கள் நேர்மையாக இருந்தோமா, இல்லை எங்களுக்கே அது பழகிவிட்டதா? இந்தக் கேள்வியோடுதான் ஒரு வாரமாக வேலைக்கு வந்துகொண்டிருந்தோம்.

அச்சடித்த மடல் இந்த இடத்தில் முடிகிறது. இதற்குக் கீழே உள்ளது இன்று பிற்பகல், நீங்கள் மேடைக்கு வந்து உட்கார்ந்த பிறகு, அவசர அவசரமாகக் கையால் எழுதிச் சேர்த்தது. எழுத்து கோணல்மாணலாக இருக்கும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

விழா தொடங்கத் தாமதமானதும் ஏன் என்று ஆளனுப்பிக் கேட்டீர்கள். மைக் சரியில்லை என்று சொல்லி அனுப்பினோம். அது பொய். உண்மையில், கடைசி லோடை முடித்துவிட்டு விழாவுக்கு வரும் அவசரத்தில் மெஷின் அண்ணன் பொதிகளை நெருக்கி அடுக்கிவிட்டார். இயந்திரம் ஓடி முடிந்த பிறகுதான் அவருக்கே உறைத்தது. அவ்வளவு நெருக்கமாக இருந்தால் நடுவில் இருக்கும் பொதிக்குள் நீராவி போயிருக்காது. வெளியே பார்த்தால் எந்த வித்தியாசமும் தெரியாது. அவர் கதவைத் திறந்து வைத்துக்கொண்டு உரக்கச் சொன்னார்: "இந்த லோடு போகாது. எதையும் எடுக்காதீங்க."

அந்த நேரம் பார்த்து அறையைச் சுற்றிப் பார்க்க உங்கள் இடத்துக்கு வருபவர் வந்து நின்றார். "என்ன ஆச்சு? யாரு பண்ணது?" என்று கேட்டார். மெஷின் அண்ணன் வாயைத் திறப்பதற்குள், பொதி மேசைக்குப் பின்னாலிருந்து ஒரு குரல் வந்தது.

"சார், இங்க முதல்ல எது, எங்க இருக்குன்னுதான் கேப்போம்."

புதுசுதான். சொல்லிவிட்டு மேசை விளிம்பைப் பிடித்துக்கொண்டு நின்றாள். அவர் அவளை ஏற இறங்கப் பார்த்தார். அவர் மனத்தில் என்ன ஓடியது என்று இந்த நிமிடம்வரை எங்களுக்குத் தெரியாது. பிறகு, "சரி. எது? எங்க இருக்கு?" என்றார். எல்லாம் வண்டியிலேயே இருக்கிறது, மேலே எதுவும் போகவில்லை என்று அவளே சொன்னாள். அவர் தலையாட்டிவிட்டு வெளியே போனார். அவர் நல்லவராக இருக்கலாம், இல்லாமலும் போகலாம். பயம் எங்களை விட்டு இன்னும் போகவில்லை.

ஒன்று மட்டும் உங்களிடம் சொல்ல வேண்டும். நீங்கள் அப்போது எங்கள் தலைக்கு மேலே, ஒரு மாடி தள்ளித்தான் உட்கார்ந்திருந்தீர்கள். கூப்பிட்டிருந்தால் கழுத்தில் போட்ட மாலையோடு ஓடி வந்திருப்பீர்கள். உங்களைக் கூப்பிட வேண்டும் என்று எங்களில் ஒருவருக்கும் தோன்றவில்லை.

உங்கள் உடம்புக்கு எங்கள் பொதிகளில் ஒன்றுகூடத் தேவைப்படாமல் நீங்கள் நெடுங்காலம் நலமாக இருக்க வேண்டும். இடுப்பு வலி தீர வேண்டும். நீங்கள் திட்டுவதற்கு வீட்டிலும் நாலு பேர் வாய்க்க வேண்டும். விழா முடிந்ததும் அந்த லோடைப் பிரித்து, தளர்த்தி அடுக்கி, நாங்கள் மறுபடி ஓட்ட வேண்டும். நீங்கள் வரவேண்டாம். வீட்டுக்குப் போங்கள், அக்கா.

இப்படிக்கு,
கிருமிநீக்கப் பிரிவு ஊழியர்கள்